ஜப்பான் காலத்துப் பிள்ளைகளும் கேமராவும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பினாங்கில் நாங்கள் ஐந்து பேர். சர்வாதிகார ஆட்சியில் பிள்ளைப் பருவத்தைக் கழித்தவர்கள் தங்கள் கதையைத் தாங்களே சொல்லும் ஆவணப்படங்களை அவரவர் வீட்டில் பார்த்துவிட்டு, மாதத்தில் ஒரு ஞாயிறு காலை லெபோ பாசார் பக்கம் பசியாறப் போகும்போது அதைப் பற்றிப் பேசுவோம். பேசப் பேச, நம் வீட்டுப் பெரியவர்களிடம் இதையெல்லாம் கேட்டதே இல்லையே என்ற எண்ணம் எல்லாருக்கும் வந்தது. அப்படித்தான் ஜப்பான் காலத்தில், அதாவது இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியர் மலாயாவை ஆண்ட வருடங்களில், பிள்ளைகளாக இருந்தவர்களைப் பதிவு செய்யத் தொடங்கினோம். உறவினர்களும் கல்லூரி மாணவர்களும் திரும்பத் திரும்பக் கேட்பவற்றுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன். பதில்கள் என்னுடையவை. மற்ற நால்வரும் எல்லாவற்றையும் ஒப்புக்கொள்வார்கள் என்று சொல்ல முடியாது.

வரலாற்றுப் புத்தகத்தில் எல்லாம் இருக்கிறதே. அப்போது சின்னப் பிள்ளையாக இருந்தவர் புதிதாக என்ன சொல்லிவிடப் போகிறார்?

புத்தகத்தில் இருப்பது இது. 1941 டிசம்பர் 8-ஆம் தேதி கோத்தா பாருவில் ஜப்பானியப் படை கரையிறங்கியது. 11-ஆம் தேதி பினாங்குத் தலைநகர் ஜார்ஜ்டவுனில் குண்டு விழுந்தது. அடுத்த சில நாட்களில் வெள்ளைக்காரர்கள் தங்கள் ஆட்களை மட்டும் கப்பலேற்றிக்கொண்டு போய்விட்டார்கள். ஆளில்லாத கார்ன்வாலிஸ் கோட்டையில் பறந்துகொண்டிருந்த பிரிட்டிஷ் கொடியை இறக்கியவர் 'ஸ்ட்ரெய்ட்ஸ் எக்கோ' பத்திரிகையின் ஆசிரியர் சரவணமுத்து, இலங்கைத் தமிழர். 1942 ஜனவரி 11-ஆம் தேதி கோலாலம்பூரும் விழுந்தது.

இதெல்லாம் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் அன்று எட்டு வயதில் இருந்த பிள்ளைக்குக் கொடி இறங்கியதும் தெரியாது, ஆட்சி மாறியதும் தெரியாது. வீட்டில் புதிதாக ஒரு சட்டம் வந்தது மட்டும் தெரியும். யாராவது அப்பா எங்கே என்று கேட்டால் பதில் சொல்லாதே. பக்கத்து வீட்டுச் சீனப் பையனின் அண்ணனைப் பற்றிக் கேட்டால் தெரியாது என்று சொல். சிப்பாய் நிற்கும் முனையில் குனிந்து வணங்கிவிட்டுப் போ, ஓடாதே. இந்த வீட்டுச் சட்டங்களை எந்த அரசாங்கமும் எழுதி வைக்கவில்லை. ஒரு குடும்பம் பயத்தோடு எப்படிக் குடித்தனம் நடத்தியது என்பது அந்த வீட்டில் வளர்ந்த பிள்ளைக்கு மட்டும்தான் தெரியும். சர்வாதிகாரத்தைப் பற்றிய படங்களில் எனக்கு நெஞ்சில் நிற்பவை தலைவர்களைக் காட்டும் இடங்கள் அல்ல, இந்த வீட்டுச் சட்டங்களைச் சொல்லும் இடங்கள்தான்.

ஜப்பான் ஆட்சியைச் சர்வாதிகாரம் என்று சொல்லலாமா? அது ஆக்கிரமிப்பு அல்லவா?

ஆக்கிரமிப்புதான். சிலியில் 1973 செப்டம்பர் 11 முதல் 1990 வரை மக்களை அடக்கியது அவர்கள் நாட்டு ராணுவமே. மலாயாவுக்கு வந்தது அந்நியப் படை. அதற்கு முன் இருந்த வெள்ளைக்கார ஆட்சியிலும் தோட்டத்துத் தமிழனுக்கு ஓட்டு இல்லை என்பதை மறக்க வேண்டாம். இந்த வேறுபாடுகளைப் படத்தில் தெளிவாகச் சொல்ல வேண்டும், எல்லாவற்றையும் ஒரே மூட்டையில் கட்டக் கூடாது.

ஆனாலும் பிள்ளையின் பக்கத்திலிருந்து பார்த்தால் ஒற்றுமை நிறைய. கம்போடியாவில் கெமர் ரூஜ் ஆட்சி 1975 ஏப்ரல் 17 முதல் 1979 ஜனவரி 7 வரை, மூன்று வருடம் எட்டு மாதம் நீடித்தது. பினாங்கில் ஜப்பானியர் இருந்ததும், 1941 டிசம்பர் முதல் 1945 செப்டம்பர் தொடக்கம் வரை, கிட்டத்தட்ட அதே அளவு. ஏழு வயதில் தொடங்கினால் பதினொன்றில் முடியும். அந்த வயதில் அது சின்னக் காலம் இல்லை.

எண்பது வருடத்துக்கு முந்தைய சின்னப் பிள்ளை ஞாபகத்தை எப்படி நம்புவது?

எங்களிடம் அதிகம் கேட்கப்படுவது இதுதான். கேட்க வேண்டிய கேள்வியும்கூட.

ஜார்ஜ்டவுனில் வளர்ந்த ஒரு தாத்தாவைப் பதிவு செய்துகொண்டிருந்தோம். "காலையில இருட்டுலதான் பள்ளிக்கூடம் போவோம். தம்பி கையப் புடிச்சிக்கிட்டுத் தடவித் தடவிப் போவேன்" என்றார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த மகன் குறுக்கிட்டார்: "அப்பா, ஏழரை மணிப் பள்ளிக்கூடத்துக்கு ஏன் இருட்டுல போறீங்க? அது வேற எதாவது இருக்கும்." தாத்தா தடுமாறிவிட்டார். "அப்படித்தான் இருக்குமோ என்னவோ" என்று பேச்சை விட்டுவிட்டார்.

வீட்டுக்கு வந்து யோசித்தபோதுதான் எனக்கு உறைத்தது. ஜப்பானியர் வந்ததும் மலாயாவின் கடிகாரத்தைத் தோக்கியோ நேரத்துக்கு மாற்றினார்கள். ஒன்றரை மணி நேரம் முன்னால் தள்ளிவைத்தார்கள். இன்றைய நம் கடிகாரப்படி பினாங்கில் ஏறக்குறைய ஏழேகால் மணிக்குச் சூரியன் உதிக்கிறது. இன்றைய கடிகாரம் போருக்கு முந்தைய மலாயாக் கடிகாரத்தைவிட அரை மணி முன்னால் இருப்பதால், தோக்கியோவோடு வித்தியாசம் ஒரு மணிதான். தோக்கியோ கடிகாரத்தில் அது எட்டேகால். அப்படியென்றால் ஏழரை மணிப் பள்ளிக்குப் போகும் பிள்ளை இருட்டில்தான் போயிருக்க வேண்டும். தாத்தாவுக்குக் கடிகாரம் மாறியது தெரியாது, யாரும் அவருக்குச் சொல்லவில்லை. இருட்டும் தம்பியின் கையும் மட்டும் ஞாபகம் இருந்தது. அந்த ஞாபகம் அச்சுப் பிசகாமல் சரி.

மறுவாரம் போய் அவரிடம் இதைச் சொன்னோம். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. அப்புறம் தெருத் தெருவாக, எந்த வீட்டு வாசலில் விளக்கு எரியும், எங்கே நாய் நிற்கும் என்று நாற்பது நிமிடம் சொன்னார்.

அதே தாத்தா, குண்டு விழுந்த நாளில் நூறு விமானம் வந்ததாகவும் சொன்னார். அந்த எண்ணிக்கையை நான் எடுத்துக்கொள்ள மாட்டேன். எட்டு வயதுப் பிள்ளை வானத்தில் விமானம் எண்ணியிருக்காது. எங்கள் வழக்கம் இது: கண், காது, மூக்கு, கை உணர்ந்ததை நம்புகிறோம். எண்ணிக்கை, தேதி, யார் யாரிடம் என்ன உத்தரவிட்டார் என்பதையெல்லாம் வேறு ஆதாரத்தோடு ஒத்துப் பார்க்கிறோம். ஒத்து வராவிட்டாலும் படத்திலிருந்து வெட்டுவதில்லை. நூறு என்று தோன்றியதும் அந்தப் பிள்ளையின் அனுபவம்தான். அதை நாம் வரலாறாகக் காட்டாமல் இருந்தால் போதும்.

என் பாட்டியிடம் கேட்டால் "அதெல்லாம் கஷ்ட காலம்யா" என்று இரண்டு வார்த்தையில் முடித்துவிடுகிறார். எப்படிக் கேட்பது?

பெரிய கேள்வி கேட்டிருப்பீர்கள். "ஜப்பான் காலம் எப்படி இருந்தது?", "பயமாக இருந்ததா?" என்று கேட்டால் யாரும் இரண்டு வார்த்தைதான் சொல்வார்கள். கஷ்டம், பயம், பட்டினி. நானும் முதல் வருடம் முழுக்க அப்படித்தான் கேட்டேன். அந்தப் பதிவுகள் எல்லாம் வானொலியில் சுதந்திர தினச் செய்தி வாசிப்பது போல இருக்கின்றன.

நிபோங் திபால் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்து, இப்போது மகள் வீட்டில் இருக்கும் ஒரு பாட்டியிடம் மூன்று தடவை போயிருந்தேன். மூன்று தடவையும் "கஷ்டம்தான், என்ன செய்யிறது" என்பதற்கு மேல் ஒன்றும் வரவில்லை. நாலாவது தடவை, கேமராவை வைக்கும்போது சும்மா கேட்டேன்: "அப்போ சாயங்காலம் அடுப்புல என்ன இருக்கும் பாட்டி?"

"கெழங்குதான்." சொல்லும்போதே அவர் கை தூக்கிக்கொண்டது. இடது கையில் இல்லாத ஒரு மரவள்ளிக்கிழங்கு. வலது கையில் இல்லாத கத்தி. நீளவாக்கில் ஒரு கீறல் போட்டார், கட்டை விரலை உள்ளே விட்டுத் தோலைச் சுருளாக உருட்டி எடுத்தார், துண்டு போட்டார், சட்டியில் போடுவது போலக் கையைக் கவிழ்த்தார். "வெந்ததும் மொதத் தண்ணிய வடிச்சிக் கொட்டிடணும். இல்லாட்டி தல சுத்தும்." வடிப்பது போல இரண்டு கையையும் சாய்த்தார், பாதியில் கை நின்றது. "அன்னிக்கி அம்மா வடிக்கல. அப்பாவ சயாமுக்குக் கூட்டிக்கிட்டுப் போயிட்டாங்க. தண்ணி சுண்டி அடிப்புடிச்சி, லயம் பூராத் தீஞ்ச நாத்தம்."

லயம் என்பது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடு. சயாம் என்பது தாய்லாந்து, ஜப்பானியர் ரயில்பாதை போட ஆட்களைக் கொண்டுபோன இடம். மகளுக்கே அன்றுதான் அது தெரியும். அறுபது வருடம் ஒரே வீட்டில் இருந்தவர்.

கை ஞாபகம் வைத்திருப்பதை நான் முதலில் கற்றது ஒரு படத்திலிருந்துதான். கம்போடிய இயக்குநர் ரித்தி பான், கெமர் ரூஜ் ஆட்சியின் எஸ்-21 என்ற சிறையைப் பற்றி 2003-இல் எடுத்த ஆவணப்படம். ஒருகாலத்தில் பள்ளிக்கூடமாக இருந்த கட்டடம் அது. காவலாளிகளில் பலர் அப்போது பதின்ம வயதுப் பையன்கள். அதில் ஒருவன் பல வருடம் கழித்து அதே காலி அறைக்குள் வந்து, தான் தினமும் செய்ததைச் செய்து காட்டுகிறான். பூட்டைத் திறக்கிறான், இல்லாத கைதிகளை அதட்டுகிறான், தண்ணீர் கொண்டுவருகிறான். வாயால் சொல்ல முடியாததை உடம்பு சொல்கிறது. சர்வாதிகாரம் பிள்ளைகளைப் பலியாக மட்டும் வைத்திருக்காது, தன் வேலைக்காரர்களாகவும் வளர்க்கும் என்பதும் அந்தக் காட்சியில் தெரிகிறது. பார்த்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

ஆகவே சின்ன விஷயத்தைக் கேளுங்கள். அடுப்பு, தண்ணீர், துணி, விளையாட்டு, வீட்டுக் கதவின் தாழ்ப்பாள். சாக்குத் துணியில் தைத்த சட்டை உடம்பில் எப்படி உறுத்தியது? வாழைமரம் போட்ட ஜப்பான் நோட்டை அம்மா எங்கே ஒளித்துவைத்தார், போர் முடிந்து அது வெறும் காகிதம் ஆனதும் என்ன செய்தார்? பள்ளியில் கற்ற ஜப்பானியப் பாட்டு இன்னும் நினைவிருக்கிறதா? பலருக்கு முதல் அடியிலிருந்து கடைசி வரை வரும். தாங்களே அதிர்ந்துபோவார்கள்.

பேசும்போது அழுதுவிட்டால் கேமராவை நிறுத்திவிட வேண்டுமா?

அவரைக் கேளுங்கள். "நிறுத்தவா, இருக்கட்டுமா?" அவ்வளவுதான்.

ஒரு தவறை இங்கே சொல்லியாக வேண்டும். ஒரு அம்மா தன் அண்ணனைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்து, தொண்டை அடைத்து நின்றார். என்னால் தாங்க முடியவில்லை. "பரவாயில்லைம்மா, விடுங்க, வேற பேசலாம்" என்று சொல்லித் துடைத்துக்கொள்ள ஒரு துணியும் நீட்டினேன். பரிவோடு செய்வதாகத்தான் நினைத்தேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு வேறு பேசினார். அப்புறம் அண்ணன் பேச்சை எடுக்கவே இல்லை, இரண்டு வருடத்தில் காலமும் ஆகிவிட்டார். அந்த அமைதியைத் தாங்க முடியாமல் போனது எனக்குத்தான், அவருக்கு இல்லை. இப்போதெல்லாம் பேச்சு நின்றால் கையை மடியில் வைத்துக்கொண்டு, மனதுக்குள் முப்பது வரை எண்ணுகிறேன். பெரும்பாலும் இருபதுக்குள் அவர்களே தொடர்வார்கள்.

படத்தொகுப்பிலும் அந்த அமைதியை விட்டுவையுங்கள். அதன்மேல் வீணை இசை போடாதீர்கள்.

தாத்தா ஜப்பான்காரனைப் புகழ்கிறார். நேதாஜி, ஐ.என்.ஏ. என்று உற்சாகமாகப் பேசுகிறார். அதை வெட்டிவிடலாமா?

வெட்டாதீர்கள். ஐ.என்.ஏ. என்பது ஜப்பானியர் ஆதரவோடு நேதாஜி நடத்திய இந்திய தேசிய ராணுவம். நம் சமூகத்தில் அந்தக் காலத்துக்கு இரண்டு முகம் உண்டு. ஒரே தோட்டத்தில், ஒரே வருடத்தில், ஒரு வீட்டு ஆணைச் சயாமுக்குக் கொண்டுபோனார்கள். அடுத்த வீட்டுப் பெண் 1943-இல் ஐ.என்.ஏ.வின் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படையில் சேர்ந்து துப்பாக்கி பிடித்தார். கோலாலம்பூரில் வளர்ந்த ஜானகி தேவர் அப்படிச் சேர்ந்தவர்தான். கங்காணியைக் கண்டால் ஒதுங்கி நிற்கப் பழகிய குடும்பத்துப் பிள்ளைக்கு, தமிழ்ப் பெண்கள் சீருடை போட்டு நடந்து போன காட்சி என்னவாக இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். அந்தப் பெருமிதம் உண்மை.

பக்கத்து வீட்டுச் சீனக் குடும்பத்துக்கு நடந்ததும் உண்மை. பினாங்கிலும் சீனர்களை வரிசையாக நிறுத்தி, முகத்தை மூடிய ஒருவன் கைகாட்டியவர்களை ஜப்பானிய ராணுவப் போலீசான கெம்பெய்தாய் கொண்டுபோனது. எனவே தாத்தா புகழ்ந்து முடித்ததும், "உங்க தெருவுல சீனங்க இருந்தாங்களா தாத்தா?" என்று ஒரு கேள்வி கேளுங்கள். வாதாட வேண்டாம். எங்கள் அனுபவத்தில் அந்த ஒரு கேள்விக்குப் பெரியவர்கள் நேர்மையாகவே பதில் சொல்கிறார்கள். இரண்டையும் அடுத்தடுத்து வையுங்கள்.

படமே இல்லாத காலத்தை எப்படிப் படமாக்குவது? எங்கள் குடும்பத்தில் ஒரு போட்டோகூட இல்லை.

ரித்தி பானுக்கும் இதே சிக்கல்தான். பிள்ளையாக இருந்தபோது கெமர் ரூஜ் ஆட்சியில் பெற்றோரையும் உடன்பிறந்தவர்களையும் இழந்தவர். அந்த வருடங்களைக் காட்டும் திரைச்சுருள் என்றால் பெரும்பாலும் ஆட்சியாளர்களே எடுத்த பிரசாரப் படம்தான். அதில் எல்லாரும் சுறுசுறுப்பாக மண் சுமக்கிறார்கள். அவர் 2013-இல் எடுத்த 'தி மிஸ்ஸிங் பிக்சர்' படத்தில், தன் குடும்பத்தையும் முகாமையும் களிமண் பொம்மைகளாகச் செய்துவைத்து, அவற்றின்மேல் தன் கதையைச் சொல்ல வைத்தார். பொம்மைகள் அசைவதில்லை. அசையாமல் இருப்பதாலேயே பார்ப்பவர் உள்ளே போய்விடுகிறார்.

நமக்கும் அதே எச்சரிக்கை பொருந்தும். ஜப்பானிய ராணுவம் எடுத்த காட்சிகள் இணையத்தில் கிடைக்கின்றன என்று அவற்றைப் பாட்டியின் குரலுக்கு அடியில் ஓடவிடாதீர்கள். அது அவர்கள் கண்ணால் பார்த்த மலாயா. பாட்டியின் கையைக் காட்டுங்கள், அல்லது வெறும் அடுப்பைக் காட்டுங்கள்.

எங்கள் கொள்ளுத்தாத்தா சயாமுக்குப் போய்த் திரும்பவில்லை. பெயர் மட்டும் தெரியும். அதை வைத்து என்ன செய்ய முடியும்?

மலேசியத் தமிழ்க் குடும்பங்களில் இந்தக் கதை ஏராளம். சயாம்-பர்மா ரயில்பாதை 415 கிலோமீட்டர். 1942-இல் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்தார்கள். நேச நாட்டுப் போர்க்கைதிகளில் 12,000-க்கும் மேல் இறந்தார்கள். அவர்களில் ஏறக்குறைய 7,000 பேருக்குத் தாய்லாந்தின் காஞ்சனாபுரியில் வரிசை வரிசையாகக் கல்லறை இருக்கிறது, பெரும்பாலும் பெயரோடு. மலாயாத் தோட்டங்களிலிருந்து போன பல்லாயிரம் தமிழர்களுக்கு அப்படி ஒரு வரிசை இல்லை. இறந்த ஆசியத் தொழிலாளர்கள் கைதிகளைவிடப் பல மடங்கு அதிகம். அவர்கள் பெயரை யாரும் ஒழுங்காக எழுதிவைக்கவில்லை.

அதனால் உங்களிடம் இருக்கும் அந்தப் பெயர் சின்ன விஷயம் இல்லை. எந்தத் தோட்டம், அப்பா பெயர், மனைவி பெயர், எத்தனை பிள்ளைகள், யார் வந்து கூப்பிட்டது, என்ன சொல்லிக் கூப்பிட்டது, யார் திரும்பி வந்து தகவல் சொன்னது. இவ்வளவையும் குடும்பத்தில் மூத்தவர் ஒருவரின் வாயால் பதிவு செய்யுங்கள். கேமராவைப் பார்த்துப் பெயரை முழுதாகச் சொல்லட்டும். ஐந்து நிமிடம் போதும்.

பெயர், முகம் காட்ட விரும்பாதவர்களை என்ன செய்வது?

அவர்கள் விருப்பம்தான் கடைசி வார்த்தை. நமக்கு எதிர்க்கரையில் இருக்கும் மேடானையும் வட சுமத்ராவையும் சுற்றி எடுக்கப்பட்ட ஒரு படம், 1965 இந்தோனேசியப் படுகொலைகளைப் பற்றியது. 2012-இல் வெளிவந்தது. அதன் இறுதிப் பட்டியலில் இந்தோனேசியப் படக்குழுவினர் பலருக்குப் பெயர் இல்லை, 'பெயர் வெளியிடாதவர்' என்று மட்டுமே வருகிறது. அந்தப் படுகொலைகளைத் தொடர்ந்து வந்த சுகார்த்தோ ஆட்சி 1998-லேயே முடிந்துவிட்டது. அதற்குப் பதினான்கு வருடம் கழித்தும் பயம் இருந்தது. அந்தப் பட்டியல் ஓடுவதைப் பார்க்கையில், ஆட்சி முடிவதும் பயம் முடிவதும் ஒரே நாளில் நடப்பதில்லை என்பது எனக்குப் புரிந்தது.

நம் ஊரில் வரும் சிக்கல் வேறு மாதிரி. ஒரு ஐயா, தன் அப்பாவைக் காட்டிக்கொடுத்தவர் இன்னார் என்று பெயர் சொல்லிவிட்டார். அந்தக் குடும்பத்துப் பேரப்பிள்ளைகள் அதே தாமானில் (குடியிருப்பில்), இரண்டு தெரு தள்ளி இருக்கிறார்கள். கோயில் திருவிழாவில் இரு வீட்டாரும் ஒன்றாக நிற்பவர்கள். நாங்கள் ஐந்து பேரும் மூன்று வாரம் இதைப் பற்றிச் சண்டை போட்டோம். கடைசியில், முழுப் பதிவை அந்த ஐயாவின் குடும்பத்திடம் பத்திரமாகக் கொடுத்தோம். பிறருக்குக் காட்டும் பகுதியில் பெயர் வராமல் எடுத்துவிட்டோம். ஐயாவிடம் கேட்டுத்தான் செய்தோம். "பேரு எனக்கு வேணாம்யா, நடந்தது போதும்" என்றார்.

சம்மதத்தை எழுத்தில் வாங்குங்கள், கேமரா முன் வாயாலும் வாங்குங்கள். ஒரு மாதம் கழித்து மறுபடியும் கேளுங்கள். முதல் நாள் சரி என்றவர் பிறகு வேண்டாம் என்று சொல்வதுண்டு. அவர் சொன்னால் விட்டுவிடுங்கள், எவ்வளவு நல்ல பதிவாக இருந்தாலும் சரி.

மலேசியாவில் இப்படிப்பட்ட படங்களைத் திரையிட அனுமதி வேண்டுமா?

வேண்டும். 2002-ஆம் ஆண்டு திரைப்படத் தணிக்கைச் சட்டப்படி, தணிக்கை வாரியம் பார்த்து ஒப்புதல் தராத படத்தைத் திரையிடுவது குற்றம். 2013-இல் கோலாலம்பூரில் இலங்கைப் போரின் கடைசி மாதங்களைப் பற்றிய ஆவணப்படத்தைத் திரையிட்டதற்காக மனித உரிமைச் செயற்பாட்டாளர் ஒருவர் மீது வழக்குப் போட்டார்கள். 2017-இல் அவருக்கு 10,000 ரிங்கிட் அபராதம் விதிக்கப்பட்டது. தமிழர் சாட்சியம் பேசிய படம் அது. சாட்சியம் சொன்னவர்களின் குரல் இங்கே ஒரு மண்டபத்தில் ஒலித்ததற்கு இந்த விலை என்பது எனக்கு இன்னும் வருத்தமாகவே இருக்கிறது. உங்கள் படத்தை மண்டபத்தில் காட்டப் போவதாக இருந்தால் முன்கூட்டியே விவரம் தெரிந்தவர்களிடம் கேட்டு, விண்ணப்பித்துவிடுங்கள்.

செல்பேசி போதுமா?

போதும். மின்விசிறியை நிறுத்துங்கள், குளிர்பெட்டியின் இரைச்சலையும் கவனியுங்கள். சட்டையில் மாட்டும் சின்ன மைக் ஒன்று வாங்குங்கள். படம் சுமாராக இருந்தால் பரவாயில்லை, குரல் கெட்டால் எல்லாம் கெட்டது.

எந்தத் தமிழில் எழுத்துவரி போடுவது? பாட்டி பேசுவது கொச்சையாக இருக்கிறதே.

அது கொச்சை இல்லை, அவர் தமிழ். சடக்கு (சாலை), கித்தா (ரப்பர்), மங்கு, பசியாறுவது எல்லாம் இந்த மண்ணில் நாம் பேசி வளர்த்த சொற்கள். பாட்டி 'மங்கு' என்று சொல்லும்போது எழுத்துவரியில் 'கிண்ணம்' என்று போட்ட ஒரு மாணவர் படத்தைப் பார்த்தேன். எனக்கு மனசே ஆறவில்லை. வெளியூர்க்காரருக்குப் புரியாது என்றால் படத்தின் தொடக்கத்தில் பத்துச் சொல்லுக்குப் பொருள் போடுங்கள். பேசியதைப் பேசியபடி எழுதுங்கள்.

பிள்ளைகளுக்குக் காட்டலாமா?

பெரியவர்களோடு உட்கார்ந்து, பத்து வயதுக்கு மேல். எஸ்-21 படம் மட்டும் வேண்டாம், அது பெரியவர்களுக்கு.

எங்கள் பாட்டி போன வருடம் தவறிவிட்டார். இனி யாரிடம் கேட்பது?

1941-இல் ஏழு வயது என்றால் இப்போது தொண்ணூறைத் தாண்டியவர். ஆகவே இந்தக் கேள்வி இனி அதிகம் வரும்.

அர்ஜென்டினாவில் 1976 முதல் 1983 வரை ராணுவ ஆட்சி. பெற்றோரை ராணுவம் கொண்டுபோனபோது மூன்று வயதே ஆன ஒரு பெண், வளர்ந்து இயக்குநராகி 2003-இல் அதைப் படமாக எடுத்தார். அவருக்கு ஒன்றும் ஞாபகம் இல்லை. ஞாபகம் இல்லை என்பதையே படமாக எடுத்தார். பெற்றோர் காணாமல் போன இரவைச் சின்னப் பிள்ளைகள் விளையாடும் பிளாஸ்டிக் பொம்மைகளை வைத்துக் காட்டினார். தன் பாத்திரத்துக்கு ஒரு நடிகையை வைத்தார். இப்படியும் சாட்சி சொல்லலாம் என்று அதைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன்.

எனவே பாட்டியின் பிள்ளைகளைக் கேளுங்கள். பாட்டி சொன்னதை மட்டுமல்ல, செய்ததைக் கேளுங்கள். எதை வீணாக்க விடமாட்டார், எந்தச் சத்தம் கேட்டால் எழுந்து நிற்பார், எந்தச் சாப்பாட்டைத் தொடவே மாட்டார்.

ஆயர் ஈத்தாமிலிருந்து ஒருவர் போன மாதம் எங்களிடம் வந்தார். கையில் ஓரம் தேய்ந்த ஒரு ஈய மங்கு. அவர் அம்மா கடைசி நாள் வரை, வீட்டில் எத்தனை பேருக்குச் சமைத்தாலும், முதல் பிடி அரிசியை அந்த மங்கில் எடுத்துத் தனியாக வைத்துவிட்டுத்தான் உலை வைப்பாராம். ஏன் என்று ஒருநாளும் சொன்னதில்லை, இவரும் கேட்டதில்லை. மங்கை மேசைமேல் வைத்து, அம்மா எப்படி அள்ளுவார் என்று காட்டச் சொன்னோம். கையைக் குவித்தார், அரிசி இல்லாத மங்கில் கவிழ்த்தார், உள்ளங்கையால் மேலே தட்டிச் சமமாக்கினார். பதிவு பதினெட்டு நிமிடம். மங்கை அவர் திருப்பி எடுத்துக்கொண்டு போய்விட்டார், மனைவி இப்போதும் அதில்தான் அரிசி எடுத்து வைக்கிறாராம்.